‘சமை’ என்ற சொல்லைப் பற்றி என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்கப்பட்ட கேள்விகள்

வார இறுதிகளில் பிள்ளைகளுக்கும், தமிழ் எழுதிப் பழக விரும்பும் பெரியவர்களுக்கும் பாடம் எடுக்கிறேன். எல்லோருக்கும் தெரிந்த சொல்லாயிற்றே என்று வினைச்சொல் பாடத்தை ‘சமை’யில்தான் தொடங்குவேன். ஒவ்வொரு வகுப்பிலும் அதே சந்தேகங்கள் வரும். சில அடிப்படையானவை, சில என்னை அகராதி பார்க்க வைத்தவை. கேட்டவர்கள் கேட்ட மாதிரியே எழுதி, பதிலையும் சேர்த்திருக்கிறேன்.

சமை என்றால் சமையல் செய்வது. இதில் கேட்க என்ன இருக்கிறது?

அன்றாடப் பேச்சில் அதுதான் பொருள். ஆனால் சொல்லின் வேர்ப்பொருள் அடுப்பிலோ நெருப்பிலோ இல்லை. சமைத்தல் என்றால் ஒன்றை உருவாக்கி, பயன்படுகிற நிலைக்குக் கொண்டுவருதல். அரிசி, பருப்பு, காய் எல்லாம் தனித்தனியாகக் கிடக்கின்றன. அவற்றைச் சாப்பிடத் தகுந்த ஒன்றாக ஆக்குவதால் அந்த வேலைக்கு இந்தச் சொல் வந்து ஒட்டிக்கொண்டது.

இந்த ஒரு பொருளைக் கையில் பிடித்துக்கொண்டால் கீழே வரும் கேள்விகளில் பாதிக்கு நீங்களே பதில் சொல்லிவிடலாம்.

சமைத்தாள், சமைந்தாள், இரண்டில் எது சரி?

இரண்டுமே சரி, பொருள்தான் வேறு. ‘அமை’ என்ற சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள். குழு அமைந்தது, குழுவை அமைத்தார்கள். தானாக நடந்தால் அமைந்தது, ஒருவர் செய்தால் அமைத்தார். இலக்கணத்தில் முன்னதைத் தன்வினை என்றும் பின்னதைப் பிறவினை என்றும் சொல்வோம். சமையும் அப்படித்தான். சமைந்தது என்றால் ஒன்று தானே உருவாகி நிறைவடைந்தது. சமைத்தாள் என்றால் அவள் ஒன்றை உருவாக்கினாள்.

சமைத்தாள் வீட்டுக்கு வீடு புழங்குகிறது. சமைந்தாள் இரண்டு மூன்று இடங்களில் மட்டும் தங்கிவிட்டது. அதனால்தான் அதைக் கேட்டால் தப்பாகச் சொல்கிறார்களோ என்று தோன்றுகிறது.

சமையல், சமயல், எது சரியான எழுத்து?

சமையல்தான். சமை + அல் என்று சேரும்போது நடுவில் ய் வருகிறது. பேச்சில் ‘மை’ தேய்ந்து ‘ம’ போல ஒலிப்பதால் பலகைகளில் ‘சமயல்’ என்று எழுதிவிடுகிறார்கள். சமையல்காரர் என்றும் சமையற்காரர் என்றும் எழுதலாம். பின்னது புணர்ச்சி விதிப்படி, முன்னது இன்றைய வழக்குப்படி.

வயதுக்கு வந்த பெண்ணை ‘சமைஞ்சுட்டா’ என்கிறார்களே, அது கேலிப் பேச்சா? கேட்கவே கூச்சமாக இருக்கிறது.

கேலி இல்லை. இதைக் கேட்ட மாணவிக்குப் பதினான்கு வயது. வகுப்பு முடிந்து எல்லோரும் போனபின் தயங்கித் தயங்கிக் கேட்டாள். ‘என்னைச் சமைச்சு வச்ச சாப்பாடு மாதிரி சொல்றாங்களா?’ என்பதுதான் அவள் மனதில் இருந்தது. அந்தப் பிள்ளைக்காகவே இந்தப் பதிலைக் கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன்.

மேலே சொன்ன தன்வினைதான் இங்கே வருகிறது. சமைந்தாள் என்றால் நிறைவடைந்தாள், உடல் பக்குவத்துக்கு வந்தாள். சாப்பாட்டுக்கும் இதற்கும் நேரடித் தொடர்பு கிடையாது. ஒரே வேரிலிருந்து பிரிந்த இரண்டு கிளைகள், அவ்வளவுதான். ‘ஆளாயிட்டா’ என்றும் சொல்கிறோம். அங்கே ‘ஆகு’. சோற்றை ‘ஆக்கினேன்’ என்கிறோம். அங்கே ‘ஆக்கு’. ஆகு, ஆக்கு என்ற ஜோடி எப்படியோ அப்படியே சமைந்தாள், சமைத்தாள் என்ற ஜோடியும். ஆளாகிவிட்டாள் என்று கேட்டால் யாருக்கும் சோறு நினைவுக்கு வருவதில்லை. சமைந்தாள் என்பதையும் அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள்.

ஊருக்கு ஊர் வேறு சொற்களும் உண்டு. பெரியவளானாள், பூப்பெய்தினாள், வயதுக்கு வந்தாள் என்பார்கள். இலங்கையில் சாமத்தியப்படுதல் என்பது பழகிய சொல். ஒரு பெண்ணுக்கு அந்தச் செய்தியை நாலு பேர் முன்னால் அறிவிப்பது பிடிக்கவில்லை என்றால் அது நியாயமான உணர்வு. ஆனால் சொல்லின் மேல் குற்றம் இல்லை.

கதைகளில் ‘கல்லாய்ச் சமைந்து நின்றான்’ என்று வருகிறதே?

இதுவும் தன்வினைதான். கல்லாகவே உருவாகிவிட்டவன் போல நின்றான் என்று பொருள். சிலையாய்ச் சமைந்தாள் என்றும் எழுதுவார்கள். அதிர்ச்சியில் அசையாமல் போவதைச் சொல்ல இதைவிடப் பொருத்தமான தொடர் எனக்குத் தெரியாது. பழைய வழக்கில் ஒன்றுக்கு ஆயத்தமாவதையும் சமைதல் என்றே சொன்னார்கள்.

பாரதியார் ‘வீதி சமைப்போம்’ என்கிறார். வீதியை எப்படிச் சமைப்பது?

இந்தக் கேள்வி எனக்கு மிகவும் பிடிக்கும். ‘சிங்களத் தீவினுக்கோர் பாலம் அமைப்போம், சேதுவை மேடுறுத்தி வீதி சமைப்போம்’ என்பது வரி. பாலத்துக்கு அமைப்போம், வீதிக்குச் சமைப்போம். இரண்டுக்கும் பொருள் ஏறக்குறைய ஒன்றே: உருவாக்குவோம். இயைபுக்காக, அதாவது அடிகளின் கடைசி ஒலி ஒத்துவருவதற்காக, சொல்லில் இல்லாத ஒரு பொருளை அவர் ஏற்றவில்லை. சமை என்ற சொல்லுக்குள் முன்பே இருந்த பொருள் அது.

‘புதிய சமுதாயம் சமைப்போம்’ என்று மேடைகளில் முழங்குகிறார்களே, அவர்களும் இந்தப் பொருளில்தான் சொல்கிறார்கள். சமையலறைச் சொல்லை மேடைக்கு இழுத்து வந்ததாக நினைக்க வேண்டாம். பொதுவான ஒரு சொல்தான் சமையலறைக்குள் போய் அங்கேயே குடியேறிவிட்டது.

‘டீ சமைத்தேன்’ என்று என் மகள் சொன்னாள், எல்லோரும் சிரித்தார்கள். என்ன தப்பு?

இலக்கணத்தில் தப்பில்லை, வழக்கில்தான் இல்லை. முதலில், பிள்ளையைப் பார்த்துச் சிரிக்காதீர்கள். தமிழில் அடுப்படி வினைகள் நிறைய இருக்கின்றன. அவற்றைக் கேட்டுப் பழகித்தான் கற்க முடியும், விதி சொல்லிக் கற்க முடியாது.

டீயும் காபியும் போடுவோம். பாலைக் காய்ச்சுவோம், கஞ்சியையும் கூழையும் காய்ச்சுவோம். ரசம் வைப்போம், குழம்பு வைப்போம். தோசை சுடுவோம், சில வீடுகளில் வார்ப்பார்கள், சில வீடுகளில் ஊற்றுவார்கள். இட்லி அவிப்போம். வடை சுடுவோம், அப்பளம் பொரிப்போம், முறுக்கு பிழிவோம். களியும் அல்வாவும் கிண்டுவோம். கீரையைக் கடைவோம் அல்லது மசிப்போம். துவையல் அரைப்போம். வெங்காயத்தை வதக்குவோம், கடலையை வறுப்போம், கடைசியில் கடுகு தாளிப்போம். ஒவ்வொரு சொல்லும் கை செய்கிற வேலையையோ, எண்ணெய், நீர், நெருப்பு இவற்றில் எது எப்படிப் படுகிறது என்பதையோ சொல்கிறது.

சமை இவற்றுக்கெல்லாம் மேலே நிற்கிற சொல். ‘இன்றைக்கு யார் சமைக்கிறார்கள்?’ என்று கேட்டால் முழுச் சாப்பாட்டையும் பற்றிய கேள்வி அது. ‘என்ன சமைத்தாய்?’ என்ற கேள்விக்கு ‘வத்தக்குழம்பு வைத்து அப்பளம் பொரித்தேன்’ என்பதுதான் இயல்பான பதில். கேள்வியில் சமை, பதிலில் வேறு வினைகள். இந்த வித்தியாசத்தைச் சொன்னதும் பெரும்பாலான பிள்ளைகள் பிடித்துக்கொள்கிறார்கள். இப்போதெல்லாம் எல்லாவற்றுக்கும் ‘செய்’ அல்லது ‘பண்ணு’ என்று சொல்லும் பழக்கம் வந்துவிட்டது. ரசம் பண்ணினேன், தோசை பண்ணினேன். புரியாமல் போகாது. ஆனாலும் கடைவதும் கிண்டுவதும் வதக்குவதும் பேச்சிலிருந்து மறைந்தால் எனக்கு வருத்தமாக இருக்கும். அவை போனால் கையின் அசைவைச் சொல்லும் சொற்கள் போய்விடும்.

எங்கள் வீட்டில் யாரும் சமை என்று சொல்வதில்லை, ‘சோறாக்கு’ என்பார்கள். அது கொச்சையா?

கொச்சை இல்லவே இல்லை. ஆக்கு என்பதும் உருவாக்கு என்ற பொருளைத்தான் தருகிறது. சமை சென்ற பாதையிலேயே ஆக்குவும் சென்றிருக்கிறது. ‘ஆக்கப் பொறுத்தவனுக்கு ஆறப் பொறுக்கவில்லை’ என்ற பழமொழியில் ஆக்குதல் சமைத்தல்தான். தென்மாவட்டங்களில் ‘சோறு பொங்கியாச்சா?’ என்று கேட்பார்கள். வைணவ வீடுகளில் ‘தளிகை ஆயிற்றா?’ என்பார்கள். எல்லாமே நல்ல தமிழ் வழக்குகள். பள்ளிக் கட்டுரையில் ‘அம்மா சோறாக்கினார்’ என்று எழுதிய பிள்ளைக்கு மதிப்பெண் குறைத்ததாக ஒரு தாய் சொன்னார். எனக்கு அது சரியாகப் படவில்லை.

அடுப்பே பற்ற வைக்காமல் செய்வதை ‘அடுப்பில்லாச் சமையல்’ என்கிறார்கள். அது முரண் இல்லையா?

இல்லை. முதல் பதிலைப் பாருங்கள். சமையின் வேர்ப்பொருளில் நெருப்பு கிடையாது. ஊறவைத்த அவலில் தேங்காயும் வெல்லமும் சேர்த்துப் பிசைந்தாலும், அது சாப்பிடத் தகுந்த ஒன்றாக ஆகிவிட்டால் சமையல்தான். ‘அடுப்பில்லாமல் அட்டது’ என்று சொன்னால் மட்டும் முரண். ஏன் என்பது அடுத்த கேள்வியில் வருகிறது.

சங்க காலத்தில் சமைப்பதை என்னவென்று சொன்னார்கள்?

சங்கப் பாடல்களில் இந்த வேலைக்கு நாம் அடிக்கடி பார்க்கிற வினை ‘அடு’. நெருப்பில் வேகவைத்தல், காய்ச்சுதல் என்று பொருள். இறந்த காலம் அட்டான், அட்டாள். இடு, இட்டான் என்பது போல.

குறுந்தொகையின் 167ஆம் பாட்டில், கூடலூர் கிழார் ஒரு புதுமணப் பெண்ணைக் காட்டுகிறார். கட்டித்தயிரைப் பிசைந்த விரலைத் துடைத்த சேலையைத் துவைக்காமலே கட்டிக்கொண்டு, தாளிப்புப் புகை கண்ணில் படிய, தானே துழாவிப் புளிக்குழம்பு வைக்கிறாள். ‘தான் துழந்து அட்ட தீம்புளிப் பாகர்’ என்கிறது பாட்டு. அந்த ‘அட்ட’ தான் நம் அடு. கணவன் ‘இனிது’ என்று சொல்லிச் சாப்பிடுகிறான். அவள் முகம் வெளியே தெரிந்தும் தெரியாமலும் மகிழ்கிறது. வகுப்பில் இந்தப் பாட்டைச் சொல்லும்போது, முதல்முறை குழம்பு வைத்த நாளை நினைத்துப் பெரியவர்கள் சிரித்துக்கொள்வார்கள்.

வள்ளுவரும் ‘தெண்ணீர் அடுபுற்கை’ என்கிறார். தெளிந்த நீர் போலக் காய்ச்சிய கூழானாலும் உழைத்துக் கிடைத்ததை உண்பதைவிட இனியது இல்லை என்ற குறள் அது (1065). ஔவையாரின் மூதுரையில் ‘அட்டாலும் பால் சுவையில் குன்றாது’ என்று படித்திருப்பீர்கள். அங்கே அட்டாலும் என்றால் காய்ச்சினாலும்.

அப்படியானால் அடு என்ற சொல் செத்துப்போய்விட்டதா?

வினை போய்விட்டது, பிள்ளைகள் இருக்கின்றன. அடுப்பு, அடுக்களை இரண்டும் நம் வாயில் தினமும் வருகின்றன. பழைய இலக்கியத்தில் சமையலறைக்கு அட்டில், சமைத்த உணவுக்கு அடிசில். ஆண்டாள் நாச்சியார் திருமொழியில் ‘நூறு தடா நிறைந்த அக்காரவடிசில்’ தருவதாக வேண்டிக்கொள்கிறாள். அந்த அடிசில்தான் இன்றும் வைணவ வீடுகளிலும் கோயில்களிலும் மார்கழி 27ஆம் நாள் கூடாரவல்லியன்று நெய் சொட்டச் சொட்ட வருகிற அக்காரவடிசல். அகராதியில் மட்டும் இருப்பதாக நாம் நினைக்கிற சொல் இலையில் பரிமாறப்படுகிறது.

அடு என்றால் கொல்லுதல் என்று எங்கள் ஆசிரியர் சொன்னாரே?

அதுவும் உண்டு. அடுதல் என்றால் சமைத்தல், கொல்லுதல், வெல்லுதல். அடுகளம் என்றால் போர்க்களம். புலவர்கள் இந்த இரட்டைப் பொருளைத் தெரிந்தே பயன்படுத்தினார்கள். புறநானூறு 26இல் மாங்குடி கிழார், பாண்டியன் நெடுஞ்செழியனின் போர்க்களத்தைச் சமையற்களமாகவே வருணிக்கிறார். பகைவரின் முடித்தலைகள் அடுப்பு, குருதி உலைநீர், வளையணிந்த கைகள் துடுப்பு. பிறகு ‘அடுகளம் வேட்ட அடுபோர்ச் செழிய’ என்று அழைக்கிறார். படிக்கவே நடுக்கமாக இருக்கும். சமைக்கு இந்தக் கொலைப்பொருள் கிடையாது.

மடையன் என்றால் சமையற்காரனா, முட்டாளா?

இரண்டும்தான், ஆனால் இரண்டு வெவ்வேறு சொற்கள். மடை என்றால் சோறு, படையல். அதிலிருந்து மடைத்தொழில், கோயில் மடைப்பள்ளி, சமைப்பவனைக் குறிக்கும் மடையன். மடம் என்றால் அறியாமை. அதிலிருந்து வந்தது வசைச்சொல். எழுத்தில் ஒன்றாகிவிட்டதால் குழப்பம். சமைப்பவர்களை அறிவில்லாதவர்கள் என்று நினைத்ததால் வந்த வசை என்று சிலர் சொல்வதை நம்பாதீர்கள்.

சமை வடமொழிச் சொல்லா? ‘சம’ என்பதிலிருந்து வந்தது என்று ஒருவர் சொன்னார்.

இல்லை என்பதே என் உறுதியான கருத்து. முதல் காரணம், அது தமிழ் வினைக்கே உரிய முறையில் சமைந்தது, சமைத்தது என்று இரு வழியிலும் திரிகிறது. கடன் வாங்கிய வினைகள் பெரும்பாலும் ‘இ’ சேர்ந்து சிந்தித்தான், தியானித்தான் என்று ஒரே அச்சில் வரும். இரண்டாவது, உறவுமொழிகளில் இதன் உடன்பிறப்புகள் இருக்கின்றன.

மலையாளத்தில் சமயம் என்றால் அலங்காரம், ஒப்பனை. திருச்சூர் பூரத்துக்கு முன் யானைகளின் நெற்றிப்பட்டம், குடை, வெண்சாமரம் எல்லாவற்றையும் மக்கள் பார்வைக்கு வைப்பார்கள். அதற்கு ‘ஆனச்சமயம்’ என்று பெயர். யானையைத் தயார்ப்படுத்தும் அணிகள் என்று பொருள். நமக்குச் சோற்றைத் தயாராக்குவது சமையல், அவர்களுக்கு ஆளையும் யானையையும் தயாராக்குவது சமயம். தெலுங்கில் ஒரு தகராறு தீர்ந்துவிட்டால் ‘சமசிபோயிந்தி’ என்பார்கள். அங்கே முடிதல் என்ற பொருள் மேலே வந்துவிட்டது. தமிழிலும் சமைதலுக்கு முடிதல், அழிதல் என்ற பொருள்களைச் சென்னைப் பல்கலைக்கழகப் பேரகராதி தருகிறது.

தமிழ்ச்சொல் ‘ச’வில் தொடங்காது என்று தொல்காப்பியம் சொல்கிறதாமே? அப்புறம் எப்படி இது தமிழாகும்?

நல்ல கேள்வி, படித்தவர்கள்தான் கேட்கிறார்கள். ‘சகரக் கிளவியும் அவற்றோ ரற்றே அ ஐ ஔ எனும் மூன்றலங் கடையே’ என்பது நூற்பா. சகர வரிசை முழுவதையும் அது விலக்கவில்லை. சா, சி, சொ எல்லாம் சொல்லின் முதலில் வரலாம். ச, சை, சௌ மூன்றும் வராது என்கிறது. இந்த நூற்பாவுக்கு வேறொரு பாடமும், அதாவது சொற்கள் சற்றே மாறிய இன்னொரு வடிவமும், இருக்கிறது. ‘அவை ஔ என்னும் ஒன்றலங் கடையே’ என்று படித்தால் சௌ ஒன்றுதான் விலக்கு, ச வரலாம்.

முதல் பாடத்தையே எடுத்துக்கொண்டாலும், அது அந்தக் காலத்து வழக்கைப் பற்றிய விதி. பின்னால் வந்த நன்னூல் சகரத்தை மொழிமுதலில் ஏற்றுக்கொண்டது. உரையாசிரியர்கள் சட்டி, சருகு, சளி என்று எடுத்துக்காட்டும் தந்தார்கள். சட்டியைத் தமிழில்லை என்று யார் சொல்வார்கள்? ஒரு சொல் பிந்தி வந்தது என்பது வேறு, வெளியிலிருந்து வந்தது என்பது வேறு.

அப்படியானால் ‘அமை’தான் ‘சமை’ ஆனதா?

அப்படிக் கருதும் தமிழறிஞர்கள் உண்டு. இறகு, சிறகு என்றும், ஏமம், சேமம் என்றும் சகரம் முன்னால் ஒட்டிய ஜோடிகளைக் காட்டுவார்கள். அமை, சமை இரண்டின் பொருளும் திரிபும் அப்படியே ஒத்துப்போகின்றன. பாரதியின் அந்த இரண்டு வரியை மறுபடி படித்துப் பாருங்கள். இன்னொரு தரப்பு, உறவுமொழிகளில் சகரத்தோடேயே இருப்பதால் இரண்டையும் தனித்தனி வேராகக் கொள்கிறது. எனக்கு முதல் கருத்தில் சாய்வு. ஆனால் வகுப்பில் இதை முடிந்த முடிவாகச் சொல்வதில்லை.

சமயம் (நேரம், மதம்) என்ற சொல்லும் இதே வேரா?

மேலே சொன்ன மலையாளச் சமயம் வேறு, இது வேறு. நேரம், மதம் என்ற பொருளில் வருவது வடமொழி ‘சமய’. ஒன்றுசேர்ந்து வருதல் என்று அங்கே பிரித்துப் பொருள் காண முடிகிறது. மனம் சமைவதால் சமையம், காலம் சமைவதால் சமையம் என்று தமிழ் வேர் காட்டுவோரும் இருக்கிறார்கள். கேட்க அழகாக இருக்கிறது, எனக்கு நம்பிக்கை வரவில்லை.

‘கதையைச் சமைத்தார்கள்’, ‘கணக்கைச் சமைத்தார்கள்’ என்று எழுதலாமா? ஆங்கில வாடை அடிக்கிறதே.

முதல் தொடரைத் தாராளமாக எழுதலாம். படைத்தல், உருவாக்குதல் என்ற பொருள் சமைக்குத் தொன்றுதொட்டு உண்டு. மலையாளச் செய்திகளில் போலி ஆவணம் தயாரித்த வழக்கு வந்தால் ‘வ்யாஜரேக சமச்சு’ என்றுதான் எழுதுவார்கள். அங்கே ஆங்கிலம் நுழையவில்லை, நம் வேர்தான் பேசுகிறது.

கணக்கைச் சமைத்தார்கள் என்பதை நான் தவிர்ப்பேன். இருக்கிற கணக்கைத் திருத்தி ஏமாற்றுவதற்கு நம்மிடம் ‘பொய்க்கணக்கு எழுதினார்கள்’, ‘கணக்கில் கை வைத்தார்கள்’ என்று நேரான தொடர்கள் இருக்கின்றன. இல்லாத கணக்குப் புத்தகம் ஒன்றையே புதிதாக உண்டாக்கினார்கள் என்றால், அப்போது ‘ஒரு பொய்க்கணக்கைச் சமைத்தார்கள்’ என்று எழுதுங்கள், பொருத்தமாக இருக்கும்.